வாத்தியார் கடல் தாண்ட எத்தனை கையெழுத்து?

சர்க்கார் பள்ளிக்கூட உபாத்தியாயர்கள், பள்ளிக்கூடம் மூடியிருக்கின்ற விடுமுறை நாட்களில், தங்கள் சொந்தப் பணத்தைப் போட்டு வெளிதேசம் போய்த் திரும்புவதற்கு மேலதிகாரிகளிடம் முன் அனுமதி வாங்கியாக வேண்டும் என்கின்ற விதியைப் பற்றி இந்த வாரம் சில வார்த்தைகள் எழுத வேண்டியிருக்கின்றது. "நாட்டில் எத்தனையோ கஷ்டங்கள் இருக்க, வாத்தியார் சிங்கப்பூர் போவதுதானா பெரிய விஷயம்?" என்று சிலர் கேட்கலாம். பிரயாணம் சின்ன விஷயந்தான். ஆனால் வயது வந்த ஒரு மனுஷன் தன் சொந்த நாளில், தன் சொந்தக் காசில் எங்கே போகலாம் எங்கே போகக் கூடாது என்பதை இன்னொருவனுடைய கையெழுத்து தீர்மானிக்கின்றதென்றால், அதில் அவனுடைய மானம் அடங்கியிருக்கின்றது. அவன் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லுகின்றவனாயிருந்தால் அந்தப் பிள்ளைகளுடைய மானமும் அடங்கியிருக்கின்றது. ஆகவேதான் எழுதுகின்றோம்.

திருப்பனந்தாளுக்குப் பக்கத்துக் கிராமம் ஒன்றில் உபாத்தியாயராயிருக்கும் ஒரு அம்மையாரை நமக்குப் பல வருஷங்களாகத் தெரியும். அவருடைய மகள் சிங்கப்பூரில் குடித்தனம் நடத்துகின்றாள். தலைப்பிரசவம் மே மாதத்தில் என்று டாக்டர் சொல்லியிருந்தார். மே மாதம் பள்ளிக்கூடம் கிடையாது. ஆகவே லீவு கேட்க வேண்டிய அவசியமே இல்லை. இருந்தாலும் விதி விதிதானே என்று அம்மையார் பிப்ரவரி மாதத்திலேயே மனுப் போட்டார். ஒரு மாதம் கழித்து, "செலவுக்குப் பணம் எங்கிருந்து வருகின்றது?" என்ற கேள்வியோடு மனு திரும்பி வந்தது. பதில் எழுதினார். பிறகு, மகளிடமிருந்து அழைப்புக் கடிதம் எங்கே என்று கேட்டு இன்னொருமுறை திரும்பி வந்தது. அதையும் வாங்கிக் கொடுத்தார். ஏப்ரல் கடைசியில் நம்மிடம் வந்து, "அண்ணே, பொண்ணு அங்க தனியாக் கெடக்குது. இங்க பைலு மேசைய விட்டு நகர மாட்டேங்குது" என்று சொல்லிக் கண் கலங்கினார். குழந்தை பிறந்துவிட்டது. பாட்டி அதன் முகத்தைக் கைப்பேசிக் கண்ணாடியில்தான் பார்த்தார். அனுமதி உத்திரவு ஜூன் மாதம், பள்ளிக்கூடம் திறந்து பாடம் நடத்திக்கொண்டிருக்கும்போது வந்து சேர்ந்தது! இனி அந்தக் காகிதத்தை வைத்துக்கொண்டு அந்த அம்மையார் என்ன செய்வார்? எந்த ஆபீஸ், எந்த அதிகாரி என்று நாம் இங்கு எழுதப் போவதில்லை. ஏனென்றால் குற்றம் ஒரு ஆளுடையதல்ல. அந்த நாற்காலியில் நாளை வேறொருவரை உட்கார வைத்தாலும் காகிதம் இதே நடைதான் நடக்கும்.

திருப்பனந்தாள் கோயிலைப் பற்றி ஒரு புராணம் சொல்லுவார்கள். சாய்ந்துபோன லிங்கத்தை ராஜாவின் யானைகளும் சேனைகளும் இழுத்தும் நிமிர்த்த முடியவில்லையாம். குங்கிலியக் கலய நாயனார் தன் கழுத்தில் கயிற்றைக் கட்டிக்கொண்டு இழுத்ததும் நிமிர்ந்துவிட்டதாம். இந்தக் கதையில் நமக்கு நம்பிக்கை இல்லை. ஆனால் ஒன்று மாத்திரம் நிச்சயமாகச் சொல்லுவோம். அந்த நாயனார் இன்றைக்கு இருந்து, ஒரு வாத்தியாருடைய வெளிதேச அனுமதிப் பைலில் கயிற்றைக் கட்டி இழுத்திருந்தால், அவர் கழுத்துத்தான் முறிந்திருக்கும், பைல் அசைந்திருக்காது.

விதி சொல்லுவதென்ன?

தமிழ்நாட்டு அரசு ஊழியர்களுக்கு 1973-ம் வருஷத்து நடத்தை விதிகள் என்று ஒன்று இருக்கின்றது. உபாத்தியாயர்களும் அந்தக் கட்டுக்குள்தான் இருக்கின்றார்கள். பாஸ்போர்ட்டு எடுக்க வேண்டுமானால் இலாகாவிடமிருந்து தடையின்மைச் சான்று வாங்க வேண்டும், அல்லது எடுக்கப் போவதாக முன்கூட்டித் தெரிவிக்க வேண்டும். பாஸ்போர்ட்டு கைக்கு வந்துவிட்டால் காரியம் முடிந்ததென்று நினைத்துவிடக் கூடாது. ஒவ்வொரு தடவை வெளியே போவதற்கும் தனியாக அனுமதி வேண்டும். எந்த தேசம், என்ன காரணம், எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை, பணம் யாருடையது, பேரில் ஏதாவது விசாரணை நிலுவையில் இருக்கின்றதா என்பதையெல்லாம் எழுதி, தலைமையாசிரியரிடம் கொடுத்து, அவர் மேலே அனுப்பி, அவருக்கு மேலே இருப்பவர் அதற்கும் மேலே அனுப்பி, அங்கிருந்து வந்த வழியாகவே கீழே இறங்கி வர வேண்டும். கேளாமல் போய்விட்டு வந்தாலோ, குற்றச்சாட்டுக் குறிப்பாணை காத்துக்கொண்டிருக்கும். 17(ஏ), 17(பி) என்ற எழுத்துக்களைக் கேட்டால் பாம்பைக் கண்டதுபோல் நடுங்காத வாத்தியார் யார்?

வேலை நாளில் லீவு எடுத்துக்கொண்டு போகின்றவரைப் பற்றி நாம் பேசவில்லை. அவர் போய்விட்டால் வகுப்பு காலியாகும், பிள்ளைகளுக்கு நஷ்டம், ஆகவே அவர் கேட்டுத்தான் ஆக வேண்டும். பள்ளிக்கூடக் கதவுக்குப் பூட்டுப் போட்டுச் சாவியைத் தலைமையாசிரியர் இடுப்பில் செருகிக்கொண்ட பிறகு போகின்றவரைப் பற்றித்தான் பேசுகின்றோம். மே மாதத்தில் அந்த வாத்தியார் சிங்கப்பூரில் இருந்தாலென்ன, தன் வீட்டுத் திண்ணையில் படுத்திருந்தாலென்ன? எந்தப் பிள்ளைக்கு எந்தப் பாடம் குறைந்துபோயிற்று?

விடுமுறை இனாமா?

"வாத்தியார்களுக்குத்தான் சும்மா மாதக்கணக்கில் லீவு கிடைக்கின்றதே, இதில் சுற்றுலா வேறா?" என்று மற்ற இலாகா உத்தியோகஸ்தர்களும் பொதுஜனங்களும் பேசிக்கொள்ளுவது நமக்குத் தெரியும். இந்தப் பேச்சு கணக்குத் தெரியாத பேச்சு. மற்ற சர்க்கார் உத்தியோகஸ்தர்களுக்கு வருஷத்துக்கு 30 நாள் ஈட்டிய விடுப்பு உண்டு. பள்ளிக்கூட உபாத்தியாயர்களுக்கு 17 நாள்தான். கோடை விடுமுறை இருக்கின்றதல்லவா என்று சொல்லித்தான் 13 நாளைப் பிடித்துக்கொள்ளுகின்றார்கள். ஈட்டிய விடுப்பை மிச்சம் பிடித்து, வேலையை விட்டு இறங்கும்போது காசாக்கிக்கொள்ளலாம் என்பது எல்லா உத்தியோகஸ்தருக்கும் தெரியும். எனவே வருஷம் 13 நாள் வீதம் 30 வருஷம் வேலை பார்க்கின்ற ஒரு உபாத்தியாயர் 390 நாளைக் கொடுத்துவிட்டுத்தான் அந்த விடுமுறையை அனுபவிக்கின்றார். விலை கொடுத்து வாங்கின பொருள் அது. ஒருவன் விலை கொடுத்து வாங்கின மாட்டை எந்த வயலில் மேய்ப்பது என்று விற்றவனிடமே ஒவ்வொரு நாளும் போய்க் கேட்க வேண்டும் என்றால் காவேரிக் கரைச் சம்சாரி ஒப்புக்கொள்வானா?

காசியும் காங்கேசன்துறையும்

இன்னொரு விந்தையைப் பாருங்கள். திருப்பனந்தாள் வாத்தியார் விடுமுறையில் காசிக்குப் போக வேண்டுமென்றால், தலைமையாசிரியரிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு ரயில் ஏறிவிடலாம். பைல் கிடையாது, பணம் ஏது என்ற கேள்வி கிடையாது. காசி 2,000 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கின்றது. அதே வாத்தியார் நாகப்பட்டினத்திற்குப் போய், 2023 அக்டோபரில் ஆரம்பித்து, இடையில் நின்று, 2024 ஆகஸ்டில் மறுபடியும் ஓடத் துவங்கின கப்பலில் ஏறிக் காங்கேசன்துறையில் இறங்க வேண்டுமென்றால், மேலிடம் வரையில் காகிதம் நடக்க வேண்டும். அந்தத் தூரம் சுமார் 60 கடல் மைல். ஒரு காலைப் பொழுதுப் பிரயாணம். அங்கே பேசுவதும் தமிழ், எழுதுவதும் தமிழ். 1981-ல் எரிக்கப்பட்டு மறுபடியும் எழும்பி நிற்கின்ற யாழ்ப்பாண நூல்நிலையத்தை ஒரு தமிழ் வாத்தியார் தன் கண்ணால் பார்த்துவிட்டு வந்து பிள்ளைகளுக்குச் சொன்னால் அதனால் யாருக்குக் கேடு? கங்கையில் முழுகப் போகின்றவனுக்குக் கேள்வியில்லை; நூல்நிலையத்தைப் பார்க்கப் போகின்றவனுக்கு நூறு கேள்வி!

காசி என்றதும் திருப்பனந்தாள்காரர்களுக்கு அவர்கள் ஊர் மடம் ஞாபகத்துக்கு வரும். ஸ்ரீவைகுண்டத்தில் பிறந்த குமரகுருபரர் 17-ம் நூற்றாண்டில் வடக்கே போய்க் காசியில் மடம் வைத்தார். அவர் வழியில் வந்தவர்கள் பிற்காலத்தில் திருப்பனந்தாளில் நிலைகொண்டார்கள். அவர் சிங்கத்தின் மேல் ஏறிக்கொண்டு துருக்க அதிகாரியைப் பார்க்கப் போனாரென்றும், சரஸ்வதி கடாட்சத்தால் இந்துஸ்தானி பாஷை தானாக வந்துவிட்டதென்றும் சொல்லுவார்கள். சிங்கத்தையும் சரஸ்வதியையும் ஒரு பக்கம் ஒதுக்கிவைத்துவிட்டுப் பார்த்தால் மிஞ்சுவது என்ன? ஒரு தமிழன் ஊரை விட்டுக் கிளம்பினான், அந்நியர் ஆளும் சீமைக்குப் போனான், அவர்கள் பாஷையைக் கற்றான், அவர்களோடு பேசிக் காரியத்தைச் சாதித்தான் என்பதுதான். இதில் பகுத்தறிவுக்கு விரோதமாக ஒன்றும் இல்லை, நாமே பாராட்டுகின்றோம். அவர் கிளம்பும்போது யாரிடமாவது தடையின்மைச் சான்று கேட்டிருந்தால் இன்று காசியிலும் மடம் இருந்திராது, திருப்பனந்தாளிலும் மடம் இருந்திராது.

பழைய தடையின் பேரப்பிள்ளை

கடலைத் தாண்டுவதற்கு அனுமதி கேட்கும் வழக்கம் நம் தேசத்தில் புதிதல்ல. பௌதாயன தர்மசூத்திரம் மனிதனை ஜாதியிலிருந்து கீழே தள்ளும் பாவங்களின் வரிசையில் கடற்பிரயாணத்தையும் சேர்த்து வைத்திருக்கின்றது. 1888-ல் காந்தி சீமைக்குப் படிக்கப் புறப்பட்டபோது பம்பாயில் அவருடைய ஜாதியார் கூடி அவரை ஜாதியை விட்டுத் தள்ளி வைத்தார்கள்.

அவ்வளவு தூரம் போவானேன்? பக்கத்துக் கும்பகோணத்தையே எடுத்துக்கொள்வோம். அந்த ஊர்த் தெருவில் வளர்ந்து, அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்தில் படித்த ராமானுஜன் சென்னைத் துறைமுக ஆபீசில் குமாஸ்தாவாயிருந்தார். இங்கிலாந்துக்கு வரும்படி கேம்பிரிட்ஜிலிருந்து ஹார்டி அழைத்தார். கணக்கில் உலகத்தையே வெல்லக்கூடிய அந்த மூளைக்குக் கடல் ஒரு தடையாயிருந்தது; கடல் கடந்தால் ஆசாரம் போய்விடுமாம்! கடைசியில் தாயாருடைய கனவில் நாமக்கல் நாமகிரித் தாயார் தோன்றி, தடுக்க வேண்டாம் என்று சொன்ன பிறகுதான் சம்மதம் கிடைத்ததாகச் சொல்லுகின்றார்கள். அந்தக் காலத்துத் தடையின்மைச் சான்று கனவில் வந்தது, அவ்வளவுதான் வித்தியாசம்! 1914 மார்ச் 17-ந் தேதி கப்பல் ஏறினார். 1918-ல் ராயல் சொசைட்டியின் அங்கத்தினரானார். வியாதியோடு 1919-ல் திரும்பி, 1920 ஏப்ரல் 26-ந் தேதி 32-வது வயதில் செத்துப்போனார். உலகம் கொண்டாடிய அந்த மனிதனின் சாவுக்குக் கூட, கடல் கடந்து பிராயச்சித்தம் செய்யாதவன் என்று சொந்தக்காரர்கள் சிலர் வராமல் இருந்துவிட்டதாக அவர் சரித்திரத்தை எழுதினவர்கள் சொல்லுகின்றார்கள்.

இதிலே கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. அதே காலத்தில் அதே தஞ்சாவூர் ஜில்லாவிலிருந்து ஆயிரக்கணக்கான பள்ளர், பறையர் மக்களை நாகப்பட்டினத்தில் கப்பலேற்றி மலாய் நாட்டுத் தோட்டங்களுக்குக் கூலிகளாக அனுப்பிக்கொண்டிருந்தார்கள். 1910-ல் மலாய் ஒப்பந்தக் கூலி முறை நிற்கும் வரையிலும், அதன் பிறகு கங்காணி முறையிலும் இது நடந்தது. அவர்கள் கடல் தாண்டினால் பாவம் என்று எந்த சாஸ்திரியும் கடற்கரையில் வந்து மறித்ததில்லை. ஏன்? உழைப்பதற்குப் போகின்றவனுக்குத் தடையில்லை. அறிவைத் தேடிப் போகின்றவனுக்குத்தான் தடை. அறிந்தவன் திரும்பி வந்தால் கேள்வி கேட்பான் அல்லவா?

சாஸ்திரத்தின் தடை இன்று செத்துவிட்டது. அக்கிரகாரத்து வீடுகளில் அமெரிக்காவில் பிள்ளையில்லாத வீட்டைக் காண்பது அருமை. ஆனால் அந்தத் தடையினுடைய பேரப்பிள்ளை சர்க்கார் ஆபீசில் உயிரோடிருக்கின்றான். தாத்தா பிராயச்சித்தம் கேட்டார். பேரன் விளக்கம் கேட்கின்றான். தாத்தா ஜாதியிலிருந்து தள்ளினார். பேரன் வேலையிலிருந்து தள்ளுவதாகப் பயமுறுத்துகின்றான்.

சர்க்காரே ஒப்புக்கொண்ட உண்மை

வெளிதேசம் பார்ப்பது உபாத்தியாயருக்கும் பிள்ளைகளுக்கும் நல்லது என்பதை நாம் வாதாடி நிரூபிக்க வேண்டியதில்லை. சர்க்காரே ஒப்புக்கொண்டுவிட்டது. 2022 நவம்பரில் அரசுப் பள்ளிப் பிள்ளைகளை ஷார்ஜா புத்தகக் கண்காட்சிக்கு அழைத்துக்கொண்டு போனார்கள். 2024 அக்டோபரில் 'கனவு ஆசிரியர்' என்று பொறுக்கி எடுத்த ஐம்பதுக்கு மேற்பட்ட உபாத்தியாயர்களைக் கல்வி மந்திரியே முன்னின்று பிரான்சு தேசத்துக்கு அழைத்துப் போனார். இவையெல்லாம் நல்ல காரியங்கள், தாராளமாகப் பாராட்டுகின்றோம். ஆனால் ஒன்று கேட்கின்றோம். சர்க்கார் பணத்தில் ஐம்பது பேர் பாரீசைப் பார்த்தால் அது கல்வி. ஐம்பத்தோராவது வாத்தியார் சீட்டுக் கட்டி மிச்சம் பிடித்த தன் பணத்தில் அதே பாரீசைப் பார்க்கப் போனால் அது சந்தேகத்துக்குரிய காரியமா?

அதுவும் போகட்டும். திபேத்திலுள்ள மானசரோவருக்கும், நேபாளத்திலுள்ள முக்திநாத்துக்கும், ஜெருசலேமுக்கும் யாத்திரை போகின்றவர்களுக்குத் தமிழ்நாட்டு சர்க்கார் மானியம் கொடுக்கும் திட்டங்களும் ஏற்பட்டன. இவைகளெல்லாம் வெளிதேசந்தானே? மலையையும் குளத்தையும் கும்பிடப் போகின்றவனுக்குக் கஜானாவைத் திறந்துவிடுகின்ற கை, பூகோளப் பாடம் நடத்துகின்றவன் பூகோளத்தைப் பார்க்கப் போனால் மாத்திரம் பைல்கட்டை எடுத்துக் குறுக்கே வைப்பானேன்?

அவர்கள் சொல்லும் காரணங்கள்

நியாயத்துக்காக மறுபக்கத்தாருடைய வாதத்தையும் கேட்டுவிடுவோம்.

முதலாவது, "அனுமதி கேட்கச் சொல்லாவிட்டால் விடுமுறைக்கு என்று போனவர்கள் அங்கேயே வேலையில் அமர்ந்துகொண்டு திரும்பி வராமல் இருந்துவிடுவார்கள், இடமும் காலியாகாது, பிள்ளைகளுக்கு வாத்தியாரும் இல்லை" என்கிறார்கள். இப்படிச் செய்தவர்கள் இல்லையென்று நாம் சொல்லமாட்டோம். அது பிள்ளைகளுக்குச் செய்கின்ற துரோகம். அப்படிப்பட்டவரிடம் நமக்கு இரக்கம் கிடையாது. ஆனால் அதைக் கண்டுபிடிக்க முன் அனுமதி எதற்கு? ஜூன் மாதம் பள்ளிக்கூடம் திறந்த அன்று வாத்தியார் வந்தாரா இல்லையா என்பது காலையிலேயே கைப்பேசிச் செயலி வழியாகப் பதிவாகிச் சென்னை வரையில் தெரிந்துபோகின்றதே! வராதவர் பேரில் அன்றைக்கே நடவடிக்கை எடுக்கட்டும். வராமல் போகின்ற ஒருவனுக்காகத் திரும்பி வருகின்ற நூறு பேரைக் குற்றவாளிபோல் நடத்துவது எந்த நியாயம்? மேலும், ஓடிப்போகத் தீர்மானித்தவன் அனுமதி வாங்கிக்கொண்டும் ஓடுவான். அவனை இந்தக் காகிதமா பிடித்து நிறுத்தப் போகின்றது?

இரண்டாவது, "வருமானத்துக்கு மேல் சொத்துச் சேர்த்தவர்களைக் கண்டுபிடிக்க வேண்டாமா?" என்கிறார்கள். உபாத்தியாயருடைய சம்பளம் கருவூலத்திலிருந்து நேரே பாங்கியில் விழுகின்றது. வருமான வரி அங்கேயே பிடிக்கப்படுகின்றது. சொத்துக் கணக்குக் கொடுக்கத் தனியே விதி இருக்கின்றது. லஞ்சம் வாங்குவதற்கு மூன்றாம் வகுப்புப் பிள்ளையிடம் பல்பத் துண்டைத் தவிர வேறு என்ன இருக்கின்றது?

மூன்றாவது, "தேசத்தின் பாதுகாப்பு" என்பதாக ஒரு பெரிய வார்த்தையைப் போடுகின்றார்கள். பீரங்கித் தொழிற்சாலையில் இருப்பவனுக்கு இது பொருந்தும். ஆரம்பப் பள்ளிக்கூட வாத்தியாரிடம் என்ன ரகசியம் இருக்கின்றது? பெருக்கல் வாய்ப்பாட்டைப் பிரெஞ்சுக்காரனுக்கு விற்றுவிடுவாரா? சத்துணவுக் கணக்கை மலேயாக்காரனுக்குக் காட்டிக்கொடுத்துவிடுவாரா?

நான்காவது, "விடுமுறையிலும் விடைத்தாள் திருத்தும் வேலையும் தேர்தல் வேலையும் வருமே" என்கிறார்கள். இது ஒன்றுதான் வாதம் என்று சொல்லத்தக்கது. வாஸ்தவம், வருகின்றது. யாருக்கு அந்த வேலை போடப்பட்டிருக்கின்றதோ அவர் அந்தத் தேதிகளில் இருந்தாக வேண்டும். அதற்குச் செய்ய வேண்டியது, இன்னாருக்கு இன்ன தேதியில் வேலை என்று முன்கூட்டித் தெரிவிப்பதுதான். வேலையில்லாதவரையும் கட்டிப்போட்டு வைப்பது, ஒரு மாடு பயிரை மேய்ந்ததென்று ஊர் மாடு அத்தனையையும் பட்டியில் அடைப்பதற்குச் சமம்.

கோர்ட்டும் 21 நாளும்

வெளிதேசம் போவது ஒருவர் போடுகின்ற பிச்சையல்ல என்று இந்தத் தேசத்தின் மிகப் பெரிய கோர்ட்டே சொல்லியிருக்கின்றது. 1967-ல் சத்வந்த் சிங் சாஹ்னி வழக்கில், வெளிநாடு செல்லுவது மனிதனுடைய சொந்த சுதந்திரத்தில் அடங்கியது என்று தீர்ப்பாயிற்று. 1977-ல் மேனகா காந்தியின் பாஸ்போர்ட்டைப் பொதுநன்மை என்று சொல்லி, காரணம் காட்ட மறுத்துப் பறித்துக்கொண்டார்கள். அந்த வழக்கில் 1978 ஜனவரி 25-ந் தேதி வந்த தீர்ப்பு, இந்தச் சுதந்திரத்தில் கைவைக்கின்ற எந்த முறையும் நியாயமானதாகவும், யதேச்சாதிகாரம் இல்லாததாகவும் இருக்க வேண்டும் என்று சொல்லிற்று. சர்க்கார் சம்பளம் வாங்குகின்றவனுக்குச் சில கட்டுப்பாடுகள் இருக்கலாம் என்பதை நாம் மறுக்கவில்லை. ஆனால் பிப்ரவரியில் கேட்ட கேள்விக்கு ஜூனில் பதில் சொல்லுவது நியாயமான முறையா? மறுத்தால் மேலே முறையிடலாம். மறுக்காமலும் கொடுக்காமலும் ஊறப்போட்டு வைத்தால் யாரிடம் போவது? பதில் சொல்லாமலிருப்பதே மறுப்பதற்குச் சுலபமான வழி என்பது ஆபீசுகளுக்கு நன்றாகத் தெரியும்.

இந்த நோய்க்கு மருந்தும் இல்லாமலில்லை. இந்திய சர்க்கார் தன்னுடைய உத்தியோகஸ்தர்களுக்கு 2015 ஜூலையில் ஒரு சுற்றறிக்கை விட்டது. வெளிநாடு போக அனுமதி கேட்டு ஒழுங்காக மனுக் கொடுத்தால் 21 நாளுக்குள் பதில் சொல்லிவிட வேண்டும். சொல்லாவிட்டால் அனுமதி கிடைத்துவிட்டதாகவே அந்த உத்தியோகஸ்தர் வைத்துக்கொள்ளலாம் என்பது அதன் சாரம். டில்லி செய்கின்ற காரியங்களில் நமக்குப் பிடிக்காதவை அநேகம். ஆனால் நல்லது எங்கிருந்து வந்தாலும் எடுத்துக்கொள்ளுவதுதான் பகுத்தறிவு. டில்லி ஆபீஸ் குமாஸ்தாவுக்கு 21 நாள் என்றால் திருப்பனந்தாள் வாத்தியாருக்கு மாத்திரம் எல்லையில்லாக் காலமா?

வகுப்பறைக்கு என்ன லாபம்?

ஜப்பானில் 1635-ல், ஜப்பானியன் எவனும் தேசத்தை விட்டு வெளியே போகக் கூடாது, போய்த் திரும்பினால் மரண தண்டனை என்று சட்டம் போட்டார்கள். இரண்டு நூற்றாண்டுக்கு மேல் அந்தக் கதவு பூட்டியே கிடந்தது. பூட்டை உடைத்த பிறகு அவர்கள் செய்த முதற் காரியங்களில் ஒன்று என்ன தெரியுமா? 1871-ல் மந்திரிகளையும் மாணவர்களையும் கப்பல் கப்பலாக உலகத்தைச் சுற்றிப் பார்க்க அனுப்பினார்கள். அந்தக் கூட்டத்தில் அமெரிக்காவில் படிப்பதற்காக 5 பெண் பிள்ளைகளும் போனார்கள். அவர்களில் எல்லாருக்கும் சிறியவளான ட்சுடா உமேகோவுக்கு அப்பொழுது வயது ஆறு. அவள் படித்துத் திரும்பி உபாத்தியாயராகி, 1900-ல் பெண்களுக்கென்று ஒரு உயர்தரப் பள்ளிக்கூடத்தை ஏற்படுத்தினாள். 2024-ல் வெளியான ஜப்பானின் 5,000 யென் நோட்டில் அந்த அம்மையாருடைய முகத்தை அச்சடித்திருக்கின்றார்கள். கடல் தாண்டின ஒரு வாத்தியாரம்மாளுக்கு ஒரு தேசம் காட்டுகின்ற மரியாதை இது.

நாம் பெரிய படிப்புப் படித்தவரல்ல. பள்ளிக்கூடத்தில் கிடைத்தது கொஞ்சம். பிறகு நூல்நிலையத்திலும் டீக்கடைப் பெஞ்சியிலும் நாமே தேடிக்கொண்டது மிச்சம். நமக்குப் பூகோளம் சொல்லிக்கொடுத்த வாத்தியார் நல்லவர். ஆனால் அணைக்கரைப் பாலத்தைத் தாண்டிக் கொள்ளிடத்துக்கு அக்கரையில் ஒரு ராத்திரி தங்கினவர் அல்ல. கிழிந்த படத்தில் பிரம்பை வைத்து, "இது ஐரோப்பா" என்பார். அங்கே மனுஷன் எப்படி வாழுகின்றான் என்று கேட்டால், "பரீட்சைக்கு அது வராது, உட்காருடா" என்பார். அவர் மேல் நமக்குக் கோபமில்லை. பார்க்காததை அவர் எப்படிச் சொல்லுவார்?

இன்றைக்கு நிலைமை இன்னும் வேடிக்கை. திருப்பனந்தாள் சுற்று வட்டாரத்தில் தகப்பன் துபாயிலோ, சிற்றப்பன் சிங்கப்பூரிலோ, மாமன் மலேசியாவிலோ இல்லாத தெருவைப் பார்ப்பது கஷ்டம். அந்தத் தகப்பன் பட்ட கடனையும், அங்கே அவன் படுகின்ற வெயிலையும், ஏஜெண்டு செய்கின்ற மோசடியையும் பிள்ளை வீட்டில் கேட்டுக்கொண்டு பள்ளிக்கூடம் வருகின்றான். அவனுக்குப் பாடம் சொல்லுகின்ற வாத்தியார் அந்த ஊரை ஒருமுறையாவது பார்த்திருந்தால், "தம்பி, அங்கே இந்த வேலைக்கு இந்தப் படிப்பு வேண்டும், இந்தக் காகிதத்தில் கையெழுத்துப் போடாதே, சம்பளத்தை இப்படிக் கேள்" என்று சொல்லக்கூடும். கூலிக்கப்பல் ஏறின தாத்தாவுக்கு அப்படிச் சொல்ல ஆளில்லை. பேரனுக்காவது இருக்க வேண்டாமா?

வாத்தியார்களுக்கு ஒரு வார்த்தை

ஆசிரியத் தோழர்களே! சர்க்காரை மாத்திரம் வைதுவிட்டு உங்களை விட்டுவிட நமக்கு மனமில்லை. உங்கள் மனுக்களை நாம் பார்த்திருக்கின்றோம். "தங்கள் பொற்பாதங்களில் பணிந்து வேண்டுகிறேன்", "கருணை கூர்ந்து அனுமதி அளிக்குமாறு மன்றாடுகிறேன்" என்று எழுதுகின்றீர்கள். உங்களை யார் பணியச் சொன்னது? எந்த விதியில் பாதம் இருக்கின்றது? தேதியையும் ஊரையும் எழுதி, "இன்ன நாளில் திரும்பி வருவேன்" என்று முடித்தால் போதாதா? காலையில் மேலதிகாரியிடம் கைகட்டிக் குனிந்துவிட்டு வந்தவர், மத்தியானம் பிள்ளைகளைப் பார்த்து "நிமிர்ந்து நில்" என்றால் பிள்ளை நிமிர்வானா? அவன் நீங்கள் சொல்லுவதைப் படிப்பதில்லை; நீங்கள் நிற்பதைப் பார்த்துப் படிக்கின்றான்.

போய்விட்டு வருகின்றவர்களுக்கும் ஒன்று சொல்லுவோம். நகையும் வாசனைத் தைலமும் வாங்கி, கோபுரத்தின் முன் நின்று படம் பிடித்துக்கொண்டு வருவது மாத்திரம் பிரயாணமாகாது. அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்தைப் பாருங்கள், நூல்நிலையத்தைப் பாருங்கள், அங்கே குப்பை அள்ளுகின்றவனை ஜனங்கள் எப்படி நடத்துகின்றார்கள் என்று பாருங்கள். ஜூன் மாதத்தில் முதல் நாள் பிள்ளைகளிடம் அதைச் சொல்லுங்கள். அப்படிச் சொன்னால், வாத்தியாருக்கு வெளிதேசம் எதற்கு என்று கேட்கின்ற வாய் தானாக மூடிக்கொள்ளும்.

நாம் கேட்பது

நாம் கேட்பது அதிகமல்ல. பள்ளிக்கூட விடுமுறைத் தேதிக்குள் போய்த் திரும்புகின்ற உபாத்தியாயர், போகும் ஊரையும் தேதியையும் விலாசத்தையும் எழுதித் தெரிவித்தால் அதுவே போதும் என்று விதியை மாற்ற வேண்டும். தகவல் கேட்பதற்குச் சர்க்காருக்குப் பாத்தியதை உண்டு. அதை நாம் ஆட்சேபிக்கவில்லை. அவ்வளவு தூரம் வர மனமில்லை, அனுமதி என்ற வார்த்தையை விட முடியாது என்றால், 21 நாளுக்குள் பதில் இல்லாவிட்டால் அனுமதி கொடுத்ததாகவே அர்த்தம் என்று எழுதட்டும். மறுப்பதானால் காரணத்தைக் காகிதத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுக்கட்டும். ஒரே தடவையில் எல்லாக் கேள்வியையும் கேட்டுவிடட்டும். பணம் ஏது என்று ஒரு மாதமும் கடிதம் எங்கே என்று ஒரு மாதமும் மனுவை ஊஞ்சலாட்ட வேண்டாம்.

இதற்குச் சட்டசபை கூட வேண்டியதில்லை. கஜானாவிலிருந்து ஒரு காசு எடுக்க வேண்டியதில்லை. ஒரு பக்கத்து உத்திரவு போதும். அந்த ஒரு பக்கம் எழுதப்படுகின்ற வரையில், ஒவ்வொரு மே மாதமும் ஏதாவதொரு வாத்தியாரம்மாள் தன் பேரக்குழந்தையைக் கைப்பேசிக் கண்ணாடியில்தான் பார்த்துக்கொண்டிருப்பார். ஆகவே உபாத்தியாயர் சங்கங்கள், சம்பள உயர்வுக்காகக் கூடுகின்ற அடுத்த கூட்டத்தில் இதற்கும் ஒரு தீர்மானம் போட்டு, கெஞ்சாமல், நிமிர்ந்து நின்று கேட்க வேண்டுமென்று வற்புறுத்துகின்றோம்.